ஜோவின் தொப்பியும் ஹக்கின் கடிதமும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். வரலாற்றுப் பின்னணியில் சிறுவர்களும் சிறுமிகளும் வளர்ந்து ஆளாகும் நாவல்களைப் பற்றி சென்ற இதழில் வந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். முதல் முறை சந்தோஷமாக, இரண்டாவது முறை கையில் பென்சிலோடு. இப்படி ஒரு விஷயத்துக்கு இத்தனை பக்கம் ஒதுக்கியதற்கு முதலில் நன்றி. குறை சொல்லத்தான் எழுதுகிறேன் என்பதால் நன்றியை முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன்.

இந்த நாவல்களின் பிள்ளைகளைப் புகழ, 'மீண்டெழுதல்' என்ற சொல் அந்தக் கட்டுரையில் பதினோரு இடங்களில் வருகிறது. எண்ணிப் பார்த்தேன். அந்தச் சொல்லைக் கேட்டதும், காற்றில் சாய்ந்த மரம் பழையபடி நிமிர்ந்து நிற்பதுதான் கண்ணில் வருகிறது. நான் விரும்பிப் படித்த நாவல்களில் யாரும் அப்படி நிமிரவில்லை. தாக்குப்பிடித்தார்கள், அவ்வளவுதான். கொஞ்சம் கோணலாகவே வளர்ந்தார்கள். தங்களைப் பற்றி அவர்கள் தெரிந்துகொண்டதும் பெருமைப்படும்படியான விஷயமாக இருக்கவில்லை. இந்த நாவல்களைத் தன்னம்பிக்கை நூல்களின் அலமாரியில் வைத்து, சத்து மாத்திரை மாதிரி பரிந்துரைப்பது எனக்கு ஒப்பவில்லை.

சார்லஸ் டிக்கன்ஸின் 'கிரேட் எக்ஸ்பெக்டேஷன்ஸ்' உங்கள் பட்டியலிலும் இருக்கிறது. 1860-61இல் வாரத் தொடராக வந்தது. ஏழை அநாதைப் பையன் பிப் கனவானாக உயரும் கதை என்று ஒரே வரியில் முடித்துவிட்டீர்கள். எனக்கு அந்த நாவல் என்றால் ஒரு தொப்பிதான். பிப்பை அடித்து வளர்த்தவள் அக்கா; அன்பாகப் பார்த்துக்கொண்டவர் அக்காவின் கணவர், கொல்லர் ஜோ. யாரோ ஒருவரின் பணத்தில் பிப் லண்டனுக்குப் போய்விடுகிறான். அவனைப் பார்க்க ஜோ வருகிறார், இருப்பதில் நல்ல உடையைப் போட்டுக்கொண்டு. தொப்பியை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. முட்டைகள் இருக்கிற பறவைக்கூட்டைப் பிடிப்பதுபோல இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நிற்கிறார். அப்புறம் கணப்பு மாடத்தின் விளிம்பில் வைக்கிறார். அது விழுகிறது. எடுத்து வைக்கிறார். மறுபடி விழுகிறது. தோளில் தூக்கி வளர்த்த பையனை ஒரு வாக்கியத்தில் 'சார்' என்கிறார், அடுத்த வாக்கியத்தில் பழையபடி கூப்பிடுகிறார், திரும்பவும் 'சார்'. பிப்புக்கு மானம் போகிறது. காசு கொடுத்தால் இவர் வராமல் இருப்பார் என்றால் கொடுத்திருப்பேன் என்று அவனே சொல்கிறான். ஜோ கிளம்பிப் போன பிறகு, மனசு கேட்காமல் தெருவில் இறங்கித் தேடுகிறான். ஆள் போய்விட்டார்.

இதைச் சொல்பவர் வயதான பிப். அந்த இளைஞனுக்காக அவர் மன்னிப்புக் கேட்கவில்லை, அவனைக் காப்பாற்றவும் இல்லை. தொப்பி எத்தனை முறை விழுந்தது என்பது அவருக்கு மறக்கவில்லை. தன்னை அறிதல் என்று கட்டுரை சொல்வது இதுதான் என்றால், எனக்கு ஆட்சேபமே கிடையாது.

தமிழில் இதற்கு நிகரான ஒரு நாவல் இருந்தும் உங்கள் பட்டியலில் அது இல்லாதது பெரிய குறை. அசோகமித்திரனின் '18வது அட்சக்கோடு', 1977இல் வந்தது. இந்தியா சுதந்திரம் அடைந்தும் ஹைதராபாத் சமஸ்தானம் சேராமல் நின்ற காலம். ஒரு பக்கம் நிஜாமின் ஆட்சிக்காக ஆயுதம் ஏந்திய ரஜாக்கர்கள், இன்னொரு பக்கம் அகதிகள். 1948 செப்டம்பர் 13ஆம் தேதி இந்திய ராணுவம் உள்ளே நுழைகிறது, 17ஆம் தேதி சமஸ்தானத்தை ஆண்ட நிஜாம் பணிகிறார். இதற்கு நடுவே செகந்தராபாத்தில் சந்திரசேகரன் என்ற பையன் கல்லூரிக்குப் போகிறான், கிரிக்கெட் ஆடுகிறான், சைக்கிளில் சுற்றுகிறான். அசோகமித்திரன் 1931இல் அதே ஊரில் பிறந்தவர். அந்தச் செப்டம்பரில் அவருக்கும் பதினேழு வயதுதான். நாவல் சில இடங்களில் 'நான்' என்று பேசுகிறது, சில இடங்களில் 'சந்திரசேகரன்' என்று தள்ளி நின்று பேசுகிறது. முதல் வாசிப்பில் இது எனக்கு எரிச்சலாக இருந்தது. இப்போது, அந்தப் பையன் நான்தானா என்று ஒருவர் திரும்பத் திரும்பத் தன்னையே கேட்டுக்கொள்வதாகத் தோன்றுகிறது.

கடைசிக் காட்சியைப் படித்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். கலவரத்தில் ஓடுகிற சந்திரசேகரன் ஒரு வீட்டுக்குள் போய்விடுகிறான். உள்ளே பயந்து ஒடுங்கியிருக்கும் ஒரு குடும்பம். அவர்கள் கண்ணுக்கு அவன்தான் தாக்க வந்தவன். குடும்பத்தைக் காப்பாற்ற அந்த வீட்டுச் சிறுமி முன்னால் வந்து தன் உடையைக் களைகிறாள். அவன் அங்கிருந்து ஓடுகிறான்.

பத்தொன்பது வயதில் படித்தபோது அந்தப் பக்கத்தின் ஓரத்தில் பென்சிலால் 'கோழை' என்று எழுதிவைத்திருந்தேன். நின்று அந்தக் குடும்பத்தைக் காப்பாற்றியிருக்க வேண்டாமா என்ற கோபம். அதே பிரதியைப் போன வருஷம் என் மகள் எடுத்துப் படித்தாள். "இது யாருப்பா எழுதினது?" என்று கேட்டாள். பழைய புத்தகக் கடையில் வாங்கியது, முன்னால் வைத்திருந்தவர் யாராவது எழுதியிருப்பார் என்றேன். புதுசாக வாங்கிய புத்தகம் அது.

கட்டுரையில் எனக்கு ஏற்பில்லாத இன்னொரு இடம், 'காலத்தை மீறிச் சிந்திக்கும் நாயகர்கள்' என்ற பாராட்டு. இப்போது வருகிற வரலாற்று நாவல்களில் இது ஒரு நோயாகவே ஆகிவிட்டது. இருநூறு ஆண்டுக்கு முந்தைய உடை, அந்தக் காலத்து விளக்கு, வண்டி எல்லாம் சரியாக இருக்கும். பதினான்கு வயதுப் பெண் மட்டும் நேற்றுப் பட்டிமன்றத்தில் பேசியவள் மாதிரி பேசுவாள். தன் காலத்தின் தப்பு எதுவும் அவள் மேல் ஒட்டியிருக்காது. ஒட்டாதவள் எதைக் கண்டு, எதிலிருந்து வளர்வாள்?

மார்க் ட்வைனின் நாவலில் வரும் சிறுவன் ஹக்கிள்பரி ஃபின் காலத்தை மீறிச் சிந்திப்பவன் அல்ல. நாவல் இங்கிலாந்தில் 1884இல், அமெரிக்காவில் 1885இல் வந்தது. அமெரிக்காவில் அடிமை முறை ஒழிந்தது 1865இல். கதையோ நாற்பது ஐம்பது ஆண்டு முந்தையது என்று தலைப்புப் பக்கத்திலேயே மார்க் ட்வைன் போட்டுவிட்டார். ஆக, வாசகருக்குத் தெரிந்தது ஹக்குக்குத் தெரியாது. தப்பியோடிய அடிமை ஜிம்மோடு மிசிசிப்பி ஆற்றில் தெப்பத்தில் போகிறான். அடுத்தவர் உடைமையைத் திருட உதவுவது பாவம் என்றுதான் அவனுக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள், அவனும் அதை நம்புகிறான். மனசாட்சி உறுத்தி, ஜிம் இருக்கும் இடத்தைச் சொல்லி அவனுடைய எஜமானிக்குக் கடிதம் எழுதுகிறான். எழுதியதும் பாவமெல்லாம் கழுவிப்போன மாதிரி லேசாகிவிடுகிறது. அதோடு விட்டிருக்கலாம். ஆற்றில் கழிந்த இரவுகள் நினைவுக்கு வருகின்றன; தூங்கட்டும் என்று தன்னை எழுப்பாமல், தன் முறையையும் சேர்த்துக் காவல் இருந்த ஜிம் நினைவுக்கு வருகிறான். கடிதத்தைக் கிழித்துப் போடுகிறான். நரகத்துக்குப் போவதாக இருந்தால் போகட்டும் என்பதுதான் அவன் முடிவு. அடிமை முறை தப்பு என்று அவன் கண்டுபிடித்துவிடவில்லை. தான் கெட்டவன் என்று நம்பிக்கொண்டே நல்லதைச் செய்கிறான். காலத்தை மீறியவனாக அவனை எழுதியிருந்தால் இந்தக் காட்சிக்கே இடமில்லை. (நாவலின் கடைசிப் பகுதியில் ஹக்கின் நண்பன் டாம் சாயர் வந்து ஜிம்மின் விடுதலையை விளையாட்டாக்குவது இன்றைக்கும் எனக்குப் பிடிக்கவில்லை. அது தனிக் கதை.)

இதுவரை சொன்ன மூன்றும் பையன்களின் கதை என்று நீங்கள் கேட்கலாம். நியாயம். 'ஜேன் ஐயர்' 1847இல் வந்தது. சார்லட் பிராண்டி அதை கரர் பெல் என்ற பெயரில் வெளியிட வேண்டியிருந்தது. எதையும் தாங்கி எழுந்து நிற்கும் பெண் என்று ஜேனைப் புகழ்ந்திருக்கிறீர்கள். ஆனால் ஜேன் படிக்கும் உறைவிடப் பள்ளியில் அவளுடைய தோழி ஹெலன் பர்ன்ஸும் இருக்கிறாள். அடியையும் அவமானத்தையும் ஜேனை விடப் பொறுமையாகத் தாங்குகிறவள் அவள். காசநோயில் இறந்துபோகிறாள். காலையில் வந்து பார்க்கிறவர்கள், இறந்த ஹெலனின் கழுத்தைக் கட்டிக்கொண்டு ஜேன் தூங்குவதைப் பார்க்கிறார்கள். சார்லட்டின் அக்காக்கள் மரியா, எலிசபெத் இருவரும் அப்படியொரு பள்ளியில் நோயுற்று 1825இல் இறந்தவர்கள். மரியாவை நினைத்துத்தான் ஹெலனைப் படைத்தார். தாங்கியவர்கள் பிழைத்தார்கள் என்று கட்டுரை சொல்வதைப் பார்த்தால் ஹெலனுக்குத் தாங்கும் சக்தி போதவில்லை என்று ஆகிவிடும். அந்த நாவலை எழுதியவர் அப்படி நினைக்கவில்லை.

அடுத்த முறை பட்டியல் போடும்போது இரண்டு வேண்டுகோள்கள். மொழிபெயர்ப்பு என்றால் மொழிபெயர்ப்பாளர் பெயரைப் போடுங்கள். சென்ற இதழில் ஒருவர் பெயர்கூட இல்லை. இன்னொன்று, பிள்ளைகளுக்குத்தானே என்று சுருக்கப் பதிப்புகளைப் பரிந்துரைக்காதீர்கள். கதையைச் சுருக்க உட்கார்கிறவர் முதலில் கத்தரி வைக்கக்கூடிய இடம் ஜோவின் தொப்பிதான். அது விழுந்தாலும் விழாவிட்டாலும் கதை நகர்ந்துவிடும்.

அன்புடன்,
நெடுநாள் வாசகர் ஒருவர்