கசிந்த வினாத்தாளும் காலியான கணக்கும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

பள்ளிக்கூடத்துக்கு எதிரே பல வருடங்களாக ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். பொதுத்தேர்வு வந்தால் 'நாளைய கேள்வித்தாள்' என்று எதையாவது அச்செடுக்கப் பிள்ளைகள் வருவார்கள். பெரும்பாலும் பழைய தாளில் தேதியை மட்டும் மாற்றியிருப்பார்கள். அதைச் சொன்னால் என்னைத்தான் முறைப்பார்கள்.

சென்ற மார்ச்சில் ஒரு பையன் கொண்டுவந்தது கேள்வித்தாளே அல்ல. டெலிகிராமில் வந்த அந்தக் கோப்பின் பெயரில் 'பிடிஎஃப்' என்று இருந்தது. ஆனால் கடைசி மூன்று எழுத்து 'ஏபிகே'. அது செல்போனில் நிறுவும் செயலி. "திறக்கவே இல்லை அண்ணா" என்றான். ஆனால் முந்தைய இரவே அது அவன் அப்பாவின் போனில் ஏறி, குறுஞ்செய்திகளைப் படிக்க அனுமதியும் வாங்கிவிட்டிருந்தது. பிறகென்ன, வங்கி அனுப்பிய ஓடிபி நேரே திருடன் கைக்குப் போயிருக்கிறது.

பணம் போனது தெரிந்தும் இரண்டு நாள் அவன் வாயைத் திறக்கவில்லை. திருடனுக்குத் தேள் கொட்டிய கதைதான். கள்ளத்தாள் தேடிப் போனவன் யாரிடம் முறையிடுவான்? அந்தக் கூச்சம்தான் இந்த மோசடிக்காரர்களுக்கு முதலீடு. உடனே இணையப் பண மோசடிகளைப் புகார் செய்யும் உதவி எண்ணான 1930க்கு அழைத்திருந்தால், பணம் அடுத்தடுத்த கணக்குகளுக்குத் தாவுவதற்குள் முடக்க வழி இருந்திருக்கும்.

வினாத்தாள் கசிவதே இல்லை என்று நான் சொல்லவில்லை. 2024 நீட் தேர்வில் ஜார்க்கண்டின் ஹசாரிபாக்கிலும் பீகாரின் பாட்னாவிலும் கசிந்ததை உச்ச நீதிமன்றமே ஏற்றுக்கொண்டது. ஆனால் அது லட்சக்கணக்கில் பேரம் பேசி, ஆள் பார்த்துக் கொடுத்த சரக்கு. முன்பின் தெரியாதவன் அதை 500 ரூபாய்க்கு ஊருக்கெல்லாம் விற்பானா? 2025 நீட் தேர்வுக்கு முன் இப்படிப் புரளி பரப்பியதாகத் தேசியத் தேர்வு முகமை அடையாளம் கண்டவை 106 டெலிகிராம் சேனல்கள், 16 இன்ஸ்டாகிராம் பக்கங்கள்.

உங்கள் மீதும் எனக்கு ஒரு வருத்தம் உண்டு. 'வாட்ஸ்அப்பில் வினாத்தாள்?' என்று கேள்விக்குறியோடு நாளிதழ்கள் தலைப்புப் போடும் அன்று, என் கடையில் அதைத் தேடும் கூட்டம் இரட்டிப்பாகிறது. அப்படிச் செய்தி போட்டே ஆகவேண்டும் என்றால், பக்கத்தில் ஒரு கட்டம் கட்டி 1930 என்ற எண்ணைப் பெரிய எழுத்தில் அச்சிடுங்கள். திட்டுவதைப் பிறகு வைத்துக்கொண்டு முதலில் அந்த எண்ணுக்கு அழைக்கும்படி பெற்றோருக்கும் ஒரு வரி எழுதுங்கள்.

என் பெயரை வெளியிட வேண்டாம். கடை தெரிந்தால் பையனும் தெரிந்துவிடுவான்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், விருத்தாசலம்.