பனி விழாவுக்கு எண்ணெய் விற்றது யார்?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த மாய உலகக் கதையைக் கல்லாவில் உட்கார்ந்தபடியே படித்து முடித்தேன். கதை நன்றாகத்தான் இருக்கிறது. அந்த மந்திரக்காரக் கிழவி கண்முன் நிற்கிறாள். ஆனால் நடுவில் ஒரு முதல்பனித் திருவிழா வருகிறதே, அது மட்டும் தொண்டையில் மீன்முள் மாதிரி நிற்கிறது.

ஊரே ஆளுக்கொரு விளக்கேற்றி ஆற்றில் மிதக்க விடுகிறதாம். இரண்டு பத்திக்கு முன்னால் அதே ஆறு கல்லாக உறைந்து, அதன் மேல் வண்டி போகிறது. சரி, அது கைத்தவறு, விட்டுவிடலாம். மளிகைக்கடைக்காரன் எனக்குத் தோன்றிய கேள்வி வேறு. அந்த எண்ணெயை விற்றது யார்? விளக்குக்கு 100 மில்லி என்று வைத்தாலும் 1,000 பேருக்கு 100 லிட்டர் ஆகிறது. எள்ளும் தென்னையும் விளையாத பனிநாடு. மீன் எண்ணெயா, மாட்டுக் கொழுப்பா? எதுவானாலும் யாரோ ஒருத்தர் ஒரு மாதம் முன்பே பிடித்து அடுக்கியிருக்க வேண்டும். கடைசி நாளில் விலை ஏறியிருக்க வேண்டும். யாராவது கடன் சொல்லியிருக்க வேண்டும். கதையில் விழாவுக்கு முந்தின நாள் என்று ஒன்று இல்லவே இல்லை.

எங்கள் ஊர் கொழிஞ்சாம்பாறை. பாலக்காடு மாவட்டம்தான், ஆனால் தமிழ்நாட்டு எல்லை பக்கத்திலேயே இருக்கிறது. என் கடையில் இரண்டு காலண்டர் தொங்கும், தமிழ் ஒன்று, மலையாளம் ஒன்று. திருவிழா என்றால் எனக்கு அதற்கு முந்தின நாள்தான். ஓணத்துக்கு முந்தின நாள் உத்ராடம். அன்றைக்குக் கடைத்தெருவில் நடக்கும் ஓட்டத்துக்கு மலையாளத்தில் ‘உத்ராடப் பாச்சில்’ என்று தனிப்பெயரே உண்டு. நேந்திரங்காய் உப்பேரி (வறுவல்தான்), பாயசத்து அடை, பப்படம் எல்லாம் மதியத்துக்குள் காலி. அத்தப்பூக்கோலத்துக்கான செண்டுமல்லி தமிழ்நாட்டிலிருந்து எல்லை தாண்டி வருகிறது. ‘காணம் விற்றும் ஓணம் உண்ணணும்’ என்பார்கள், அதாவது இருக்கிற சொத்தை விற்றாவது ஓணச் சோறு சாப்பிட வேண்டும். அப்படிச் சாப்பிட்டவர்களின் கணக்கு என் நோட்டில் புரட்டாசி வரைக்கும் போகும்.

ஆடி வந்தால் இன்னும் வேடிக்கை. அதே மாதம் மலையாளத்தில் கர்க்கடகம். ஒரு வீட்டுக்காரர் மருந்துக்கஞ்சிக்கு ஞவரை அரிசியும் வெந்தயமும் கேட்பார். எதிர்வீட்டு அம்மா ஆடிப்பதினெட்டுக்குப் பச்சரிசியும் வெல்லமும் கேட்பார். நான் ஒரே தராசில் நிறுத்துப் போடுவேன்.

2023இல் என்ன ஆயிற்று தெரியுமா? சித்திரை ஒன்று ஏப்ரல் 14, விஷு 15. சூரியன் மேஷத்தில் நுழைந்தது 14ஆம் தேதி பிற்பகலில். சூரியன் மறைவதற்குள் நுழைந்துவிட்டால் அன்றே மாதப் பிறப்பு என்பது நம் கணக்கு. மலையாளக் கணக்கில் உச்சி சாய்ந்து ஒரு மணி நேரம் சொச்சத்துக்குள் நுழைந்தாக வேண்டும், இல்லையென்றால் மறுநாள்தான். ஒரே சூரியன், ஒரே தெரு, மாதம் பிறந்ததோ இரண்டு நாளில். 13ஆம் தேதி வேப்பம்பூவும் மாங்காயும் விற்றேன், 14ஆம் தேதி விஷுத் தட்டில் வைக்கிற கணிவெள்ளரி விற்றேன். கற்பனை உலகம் படைக்கிறவருக்கு இதைவிட என்ன வேண்டும்? அவரோ ஏழு நிலாவைத் தொங்கவிட்டுவிட்டு, அத்தனை பேரையும் ஒரே ராத்திரியில் ஒரே மாதிரி சிரிக்க வைக்கிறார்.

பக்கத்தில் சித்தூர் பகவதி கோயிலில் கும்ப மாதம், அதாவது நம் மாசியில், கொங்கன்படை நடக்கும். கொங்கு நாட்டுப் படை வந்து தோற்றுப்போன கதையை நடித்துக் காட்டும் விழா. நாங்கள் கொங்குப் பக்கமிருந்து வந்து குடியேறிய குடும்பம். தோற்கிறவன் எங்கள் ஆள். ஆனாலும் சின்ன வயதிலிருந்து போய்க் கூட்டத்தில் நின்று பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன், பொரி வாங்கித் தின்றபடி. அந்தப் பனிநாட்டிலும் விழாவன்று முகத்தைத் திருப்பிக்கொண்டு போகிற ஒருத்தர், அல்லது தோற்ற கட்சியிலிருந்து வந்து வேடிக்கை பார்க்கிற ஒருத்தர் இருந்திருப்பாரே?

பனியைப் பற்றியும் ஒன்று. முன்பனி, பின்பனி என்று பெரும்பொழுதில் இரண்டு நமக்கு இருக்கின்றன. அது புல் நுனியில் நிற்கிற பனி, மண்வெட்டியால் அள்ளிப் போடுகிற பனி அல்ல. ஆனி ஆடியை முதுவேனில் என்று வைத்தது தமிழ்க் கணக்கு. அதே ஆடியில் மேற்குத் தொடர்ச்சி மலைக்கு மேற்கே அடைமழை. கதாசிரியர் இந்த மலையின் இரண்டு பக்கத்தையும் ஒரு தடவை பஸ்ஸில் கடந்திருந்தால் பனியைத் தேடி அவ்வளவு தூரம் போயிருக்க மாட்டார்.

குறை சொன்னால் மட்டும் போதுமா என்று பேத்தி கேட்டாள். அதனால் நாங்கள் இருவரும் உட்கார்ந்து ஒரு விழா செய்தோம். பெயர் ‘காற்றுத் திரும்பு நாள்’. பாலக்காட்டுக் கணவாயில் மழைக்காலம் முழுக்க மேலைக்காற்று. மார்கழி வாக்கில் கிழக்கிலிருந்து வறண்ட காற்று வந்து, கடை முன்னால் கட்டிய தார்ப்பாயைப் படபடவென்று அடிக்கும், மிட்டாய் பாட்டில் மேலெல்லாம் புழுதி. திருவாதிரைக் காற்று என்பார்கள். எங்கள் கற்பனை நாட்டிலும் ஒரு கணவாய். உச்சிப்பொழுதுக்குள் காற்று திரும்பினால்தான் அன்றைக்கு விழா என்பது மேற்கூரார் கணக்கு, பொழுது சாய்வதற்குள் என்பது கீழூரார் கணக்கு. அதனால் சில வருஷம் கீழூரில் இன்று, மேற்கூரில் நாளை. இன்று கொண்டாடுகிறவனுக்கு நாளை கொண்டாடுகிறவன் கடை போட்டு விற்பான், மறுநாள் அப்படியே மாறும். விளக்கு கிடையாது, அந்தக் காற்றில் நிற்காது. பனையோலைக் காற்றாடிதான். யாருடைய காற்றாடி முதலில் மறுபக்கம் சுற்றியது என்பதில் வருஷாவருஷம் ஒரு சண்டை.

விழாவன்று கடைக்காரர்கள் எல்லாக் கடன் நோட்டையும் காற்றில் பறக்கவிட வேண்டும் என்று பேத்தி ஒரு சடங்கு சொன்னாள். அதை மட்டும் நான் சேர்க்கவில்லை.

இப்படிக்கு,
ஒரு மளிகைக்கடைக்காரர்,
கொழிஞ்சாம்பாறை