எங்கள் மருத்துவப் பைக்கும் ஒரு தரநெறி வேண்டும்

மதிப்பிற்குரிய செவிலியர் மன்ற உறுப்பினர்களுக்கு,

வணக்கம். சமுதாய நலச் செவிலியருக்கான தரநெறிகளின் புதிய வரைவைப் படித்தேன். பக்கத்துக்குப் பக்கம் 'செவிலியர் செய்ய வேண்டும்'. செவிலியருக்கு யார், என்ன செய்து தர வேண்டும் என்று ஒரு வரி தேடினேன், அகப்படவில்லை.

சென்ற மாதம் என் சக செவிலியர் ஒருவருக்கு மெமோ வந்தது. நீரிழிவுக் கால்புண்ணுக்குக் கட்டு மாற்றப் போன வீட்டில் குழாயில் தண்ணீர் வரவில்லை. கைகளில் தேய்க்கும் ஆல்கஹால் திரவம் கேட்டு எழுதிக்கொடுத்து மூன்று வாரம் ஆகியும், வீடுகளுக்கு எடுத்துச் செல்லும் அவர் பைக்கு வந்து சேரவில்லை. பழைய கட்டைப் பிரித்ததும் சீழ் கையுறையைத் தாண்டி மணிக்கட்டில் வழிந்தது. அழுக்குப் படிந்த கைக்கு அந்தத் திரவமே இருந்தாலும் போதாது, சோப்பும் தண்ணீரும்தான் வேண்டும் என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. அந்த முதியவர் குடிக்க வைத்திருந்த தண்ணீரில் கொஞ்சம் கேட்டு வாங்கிக் கழுவினார். 40 முதல் 60 நொடி கழுவச் சொல்கிறது உலக சுகாதார நிறுவனம். அதற்கு முன்பே தண்ணீர் தீர்ந்துவிட்டது. நடந்ததை ஒளிக்காமல் பதிவேட்டில் எழுதினார். அதுதான் குற்றமாயிற்று. எழுதாமல் விட்டிருந்தால் மெமோ இல்லை. அடுத்த முறை எழுதுவாரா?

1859இல் இங்கிலாந்தின் லிவர்பூலில் வில்லியம் ராத்போன் என்ற வணிகர், மேரி ராபின்சன் என்ற செவிலியரை ஏழைகளின் வீடுகளுக்கு அனுப்பியபோது, சிகிச்சைக்கு வேண்டிய பொருள்களையும் சேர்த்தே கொடுத்தார். அவரிடம் தரநெறி ஆவணம் ஏதும் இல்லை, பாவம்.

எனவே கேட்கிறேன்: பையில் என்னென்ன இருக்க வேண்டும், தீர்ந்தால் எத்தனை நாளில் நிரப்ப வேண்டும், நிரப்பாவிட்டால் யார் பொறுப்பு என்பதைத் தரநெறியிலேயே எழுதுங்கள்.

'தொடர்ந்து திறனை வளர்த்துக்கொள்ள வேண்டும்' என்றும் இருக்கிறது. வளர்த்துக்கொள்கிறோம். தண்ணீரில்லாமல் கை கழுவும் வித்தைக்கு எங்கே பயிற்சி என்று மட்டும் சொல்லுங்கள். முன்பின் தெரியாத வீட்டுக்குள் தனியாக நுழைகிறோம். ஆபத்து என்று பட்டால் திரும்பிவர எங்களுக்கு உரிமை உண்டா என்பதிலும் வரைவு மௌனம். எங்கள் நடை, உடை, பேச்சுக்கு மட்டும் முழுதாக ஒரு பக்கம்.

குரல் உயர்ந்திருந்தால் பொறுத்தருள்க. மற்றவை பிறகு இருக்கட்டும்; பையைப் பற்றிய அந்தப் பிரிவை மட்டும் இந்தத் திருத்தத்திலேயே சேர்த்துவிடுங்கள். தரப்படாத பொருளுக்காகச் செவிலியர்மீது நடவடிக்கை கூடாது என்ற ஒரு வரியும் அதில் இருக்கட்டும் எனப் பணிவுடன் வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஒரு சமுதாய நலச் செவிலியர்