அவர் விலகவில்லை, விலக்கினார்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த செக் சினிமா கட்டுரையில் நடிகை விளாஸ்தா ஹ்ராமொஸ்தொவாவைப் பற்றி, "1970களில் நடிப்பிலிருந்து விலகிக்கொண்டார்" என்று ஒரு வரி இருக்கிறது. அதைப் படித்த பிறகு மீதிக் கட்டுரையில் எனக்கு மனம் ஓடவில்லை.

அவர் எங்கே விலகினார்? 1968ல் சோவியத் டாங்கிகள் செக்கோஸ்லோவாக்கியத் தலைநகர் பிராகுக்குள் வந்த பிறகு நாட்டில் என்ன நடந்தது என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. ஆக்கிரமிப்புக்குத் தலையாட்ட மறுத்தவர்களில் அவரும் ஒருவர். வினோராடி நாடக அரங்கை விட்டு வேறொரு குழுவில் சேர்ந்தார். 1972ல் அரசு அதையும் இழுத்து மூடியது. அப்புறம் மேடையும் இல்லை, சினிமாவும் இல்லை. மனித உரிமை கேட்டு எழுந்த 'சாசனம் 77' அறிக்கையில் கையெழுத்துப் போட்டபின் வீட்டுக்கு வெளியே போலீஸ் காவல் வேறு.

ஆனாலும் அவர் நடித்தார். தன் வீட்டு ஹாலிலேயே நடித்தார். 1976ல் கவிஞர் யாரொஸ்லாவ் ஸைஃபர்ட்டின் நினைவுக்குறிப்புகளோடு அதைத் தொடங்கினார். ஸைஃபர்ட்டுக்கு நோபல் பரிசு கிடைத்தது அதற்கு எட்டு ஆண்டு கழித்து. பிறகு நாடகாசிரியர் பாவெல் கொஹோவுட் சுருக்கி எழுதிய ஷேக்ஸ்பியரின் மேக்பெத். யார் வீட்டுக்குக் கூப்பிட்டாலும் ஐந்து பேர் ஒரு பெட்டியோடு வந்து ஆடிவிட்டுப் போவார்கள். இதைக் கேள்விப்பட்டுத்தான் ஆங்கில நாடகாசிரியர் டாம் ஸ்டாப்பர்ட் ஒரு நாடகமே எழுதினார்.

என் கணவரின் வேலைக்காக பிராகில் ஐந்து ஆண்டுகள் இருந்தோம். எங்கள் கீழ்வீட்டு அம்மா சின்ன வயதில் அப்படி ஒரு மாலைக்குப் போனவர். வாசலில் செருப்புகளைக் கழற்றி அடுக்கிவிட்டு, நாற்காலி கிடைக்காமல் தரையில் உட்கார்ந்தாராம். "இவ்வளவு தூரத்தில் நின்றார்" என்று தன் முழங்காலிலிருந்து ஒரு முழம் அளந்து காட்டினார். கைதட்டினால் பக்கத்து வீட்டுக்குக் கேட்குமோ என்று பயம். அதைச் சொல்லும்போது அந்த அம்மா குரலைத் தாழ்த்திக்கொண்டார். அத்தனை வருஷம் கழித்தும்!

'தி கிரிமேட்டர்' படத்தைப் பற்றி எழுதியதிலும் எனக்கு வருத்தம்தான். இயக்குநர் ஹெர்ட்ஸ், நாயகன் ஹ்ருஷின்ஸ்கி, ஒளிப்பதிவாளர் மிலோட்டா எல்லோருக்கும் பெயர் இருக்கிறது. ஹ்ராமொஸ்தொவா மட்டும் 'நாயகனின் மனைவியாக வருபவர்'. அந்த மிலோட்டா இவருடைய கணவர் என்பதாவது சொல்லப்பட்டதா? அதுவும் இல்லை. கார் விபத்தில் இவர் மகனைப் பறிகொடுத்ததற்கு மட்டும் ஒரு முழுப் பத்தி. உங்கள் இதழில் நடிகைகளைப் பற்றி எது வந்தாலும் இதே கதைதான். முன்பும் இதைப் பற்றி எழுதினேன், என் கடிதம் மூன்று வரியாகச் சுருங்கி வந்தது.

அவரைத் தெய்வமாக்கச் சொல்லவில்லை. 1950களில் ரகசியப் போலீஸுக்கு இணங்கிப்போனதை அவரே பின்னால் ஒப்புக்கொண்டார். அதையும் போடுங்கள், தாராளமாக. ஆனால் 1989 நவம்பர் 17 அன்று, அவருடைய 63வது பிறந்த நாளில்தான் பிராக் மாணவர்கள் தெருவில் அடிபட்டார்கள், அந்தக் கம்யூனிஸ்ட் ஆட்சியும் ஆட்டம் கண்டது. பிறகு தேசிய நாடக அரங்கில் நடித்தார், 2011ல் முன்னாள் அதிபர் ஹாவெல் இயக்கிய படத்திலும் நடித்தார், 2019ல் 92 வயதில் இறந்தார். இவரா விலகியவர்?

நான் கேட்பது இரண்டே திருத்தம். 'விலகிக்கொண்டார்' என்பதை 'விலக்கப்பட்டார்' என்று மாற்றுங்கள். படத்துக்குக் கீழே 'சிரமோஸ்டோவா' என்று அச்சாகியிருக்கும் பெயரை 'ஹ்ராமொஸ்தொவா' என்று சரியாகப் போடுங்கள். இடம் போதாவிட்டால் என் கடிதத்தை விட்டுவிடலாம், திருத்தம் மட்டும் கட்டாயம் வர வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு பழைய வாசகி,
கும்பகோணம்