ஓய்வு பெற்ற ஆண்டின் படிவம் 16: நண்பனுக்கு ஒரு கடிதம்

தக்கலை
27.07.2025

அன்புள்ள நண்பனுக்கு,

நலம். நீயும் வீட்டாரும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். பிள்ளைகளின் படிப்பு முடியும்வரை செகந்தராபாத்திலேயே தங்கிவிட்டு, பிறகு ஊருக்கு வருவது என்ற உன் முடிவு எனக்கும் சரியாகவே படுகிறது. இங்கே மழையால் ரப்பர் வெட்டு அடிக்கடி நின்றுபோகிறது. அம்மாவின் முழங்கால் வலிக்கு நாகர்கோவிலில் முன்னாள் படைவீரர்களுக்கான இ.சி.எச்.எஸ். மருத்துவமனையில் மருந்து வாங்கிக் கொடுத்து வருகிறேன்; வேறு விசேஷம் இல்லை.

நீ கேட்டிருந்த காரியத்துக்கு வருகிறேன். சென்ற டிசம்பர் 31 அன்று பட்டாளத்தில் பணி நிறைவு பெற்ற உனக்கு, ஸ்பர்ஷ் என்னும் ஓய்வூதியத் தளத்தில், கொடுத்த பணத்தையும் பிடித்த வரியையும் காட்டும் சான்றான படிவம் 16 கிடைத்துவிட்டதாகவும், ஆனால் அதில் ஜனவரி முதல் மார்ச் வரையிலான ஓய்வூதியம் மட்டுமே இருப்பதாகவும், ஏப்ரல் முதல் டிசம்பர் வரை வாங்கிய சம்பளம் எங்கே போயிற்று என்றும் எழுதியிருந்தாய். அது எங்கும் போகவில்லை. ஓய்வு பெறும் ஆண்டில் நமக்குப் பணம் கொடுப்பவர்கள் இரண்டு பேர். சம்பளத்தைக் கொடுத்தது வெலிங்டனில் நம் ரெஜிமெண்டின் கணக்குகளைப் பார்க்கும் சம்பளக் கணக்கு அலுவலகமான பி.ஏ.ஓ.; ஓய்வூதியத்தைக் கொடுப்பது பிரயாக்ராஜிலுள்ள பாதுகாப்புக் கணக்குத் துறையின் ஓய்வூதிய அலுவலகம். ஸ்பர்ஷ் இந்த இரண்டாவது அலுவலகத்தின் தளம் என்பதால், நீ சீருடையில் இருந்த மாதங்களைப் பற்றிய படிவத்தை அங்கே எவ்வளவு தேடினாலும் கிடைக்காது. பணியில் இருந்தபோது யூனிட் கிளார்க் கூப்பிட்டுக் கையில் கொடுப்பார், அல்லது ராணுவத்தினருக்கான ஹம்ராஸ் செயலியில் எடுத்துக்கொள்வோம். அந்தப் பழக்கத்தில் எல்லாம் ஒரே இடத்தில் வந்து சேரும் என்று நினைத்துவிடுகிறோம்.

ஆகவே முதல் வேலையாக, வருமான வரித் துறையின் தளத்தில் உன் பான் எண்ணைக் கொண்டு நுழைந்து, உன் பேரில் பிடித்த வரியைக் காட்டும் 26ஏஎஸ் அறிக்கையைத் திறந்து பார். சம்பளத்தில் வரி பிடிக்கப்பட்டிருந்தால், பிடித்த அலுவலகத்தின் பெயரும், வரி பிடிப்பவருக்கான அதன் டான் எண்ணும், மாதவாரியாகச் செலுத்திய தொகையும் அதில் இருக்கும். வரி பிடித்த அலுவலகம் ஜூன் 15ஆம் தேதிக்குள் படிவம் 16 கொடுத்தாக வேண்டும் என்பது சட்டம். அதை வரித் துறையின் ட்ரேசஸ் தளத்திலிருந்து இறக்கித் தரும் வசதி வரி பிடித்தவருக்கே உண்டு, நமக்கு இல்லை; எனவே கேட்டுத்தான் வாங்க வேண்டும். படை எண், பதவி, கடைசியாக இருந்த யூனிட், பணி விலகிய தேதி, பான் எண், இப்போதைய முகவரி ஆகியவற்றைத் தெளிவாக எழுதி, பணிவிலகல் புத்தகத்தின் நகலையும் இணைத்து, பி.ஏ.ஓ.வுக்குப் பதிவுத் தபாலில் ஒரு விண்ணப்பம் அனுப்பு. நகல் ஒன்றை வைத்துக்கொள். தொலைபேசியில் கேட்டுக்கொண்டிருப்பதைவிடக் காகிதமே நல்லது என்பது என் எண்ணம், ஏனென்றால் காகிதத்துக்கு யாராவது ஒருவர் பதில் எழுதித்தான் கோப்பை மூட முடியும்.

வரியே பிடிக்காத நிலையில் அந்தப் படிவத்தைக் கொடுக்க வேண்டிய கட்டாயம் அவர்களுக்கு இல்லை என்பதையும் தெரிந்துகொள். அப்போது மாதச் சம்பளச் சீட்டுகள்தான் உன் கணக்கு. எப்படியானாலும் வரிக்கணக்குத் தாக்கல் செய்யும்போது எந்தக் காகிதத்தையும் இணைக்க வேண்டியதில்லை. எண்கள் சரியாக இருந்தால் போதும். கடைசித் தேதியையும் இந்த ஆண்டு ஜூலை 31இலிருந்து செப்டம்பர் 15க்குத் தள்ளிவைத்திருக்கிறார்கள். அதனால் பதறாதே.

நீ பதற வேண்டிய இடம் வேறு ஒன்று இருக்கிறது. இரண்டு அலுவலகங்களும் தத்தம் பாதியை மட்டுமே பார்த்துக் கணக்குப் போடுகின்றன; முழுப் படமும் உன் ஒருவனிடம்தான் இருக்கிறது. கணக்குக்காக ஒன்பது மாதச் சம்பளம் 7,20,000 ரூபாய், மூன்று மாத ஓய்வூதியம் 1,05,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். 2024-25 நிதியாண்டுக்கான புதிய வரி முறையில், சம்பளத்திலிருந்து பொதுவாகக் கழித்துக்கொள்ளும் நிலைக்கழிவு 75,000 ரூபாய். சம்பளப் படிவத்தில் அதைக் கழித்தால் 6,45,000. அந்த ஆண்டின் வரம்பான ஏழு லட்சத்துக்குள் இருப்பதால் தள்ளுபடி கிடைத்து வரி இல்லை. ஓய்வூதியப் படிவத்திலும் அதே 75,000 கழிக்கப்பட்டு, மிஞ்சுவது வெறும் 30,000. அதற்கும் வரி இல்லை. இரண்டு காகிதங்களும் உனக்கு வரி இல்லை என்றே சொல்லும். ஆனால் ஓய்வூதியமும் சம்பளம் என்ற தலைப்பில்தான் வருகிறது, நிலைக்கழிவு ஆண்டுக்கு ஒரே முறைதான். சேர்த்துப் பார்த்தால் 8,25,000, கழித்தபின் 7,50,000. அதற்கு வரி 25,000, வரியின் மேல் வரும் செஸ் 1,000, ஆக 26,000 ரூபாய் நீ கட்ட வேண்டியிருக்கும், வட்டி தனி. ஓய்வு பெற்றவர்களுக்கு ஓராண்டு கழித்து நோட்டீஸ் வருவதற்கு இது ஒரு காரணம்.

கிராஜுவிட்டி, விடுப்பு ஊதியம், ஓய்வூதியத்தில் ஒரு பகுதியைக் கம்யூட் செய்து முன்கூட்டியே மொத்தமாக வாங்கிய பணம் ஆகியவற்றுக்கு நம்மைப் போன்றவர்களுக்கு முழு விலக்கு உண்டு. அவற்றை விலக்குப் பெற்ற வருமானமாகக் காட்டினால் போதும். ஆனால் அந்தப் பணத்தை வங்கியில் போட்டு வரும் வட்டி வரிக்கு உட்பட்ட வருமானம்தான்; அதை வருமான வரித் தளத்திலுள்ள ஏ.ஐ.எஸ். என்னும் ஆண்டு வருமானத் தகவல் அறிக்கையில் பார்த்துச் சேர்த்துக்கொள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். பட்டாளக்காரர்கள் அதிகம் உள்ள நம் மாவட்டத்தில், படிவம் 16ஐ மட்டும் அனுப்புங்கள், பிடித்த வரி முழுவதையும் திருப்பி வாங்கித் தருகிறோம், வந்ததில் ஒரு பங்கு கொடுங்கள் என்று வாட்ஸாப்பில் ஆள் பிடிப்பவர்கள் இருக்கிறார்கள். இல்லாத வீட்டுக் கடனையும் கொடுக்காத நன்கொடையையும் எழுதித்தான் அவர்கள் பணம் வாங்கித் தருகிறார்கள். இந்த மாதம் 14ஆம் தேதி வருமான வரித் துறை இப்படிப்பட்ட போலிக் கழிவுகளைத் தேடி நாடெங்கும் 150 இடங்களில் சோதனை நடத்தியது. நாளைக்கு விசாரணை என்று வந்தால் பதில் சொல்ல வேண்டியவன் கணக்கில் பெயருள்ளவன்தான். உனக்குக் கைப்பழக்கம் இல்லையென்றால் தெரிந்த ஆடிட்டர் ஒருவரிடம் நேரில் போய்க் கொடு.

உன் தங்கை மகனிடமும் ஒரு வார்த்தை சொல்லிவை. நான்காண்டுப் பணிக்காக ராணுவத்தில் எடுக்கப்படும் அக்னிவீரர்களின் முதல் அணியில் சேர்ந்த அவனுக்கு அடுத்த ஆண்டு இறுதியில் நான்கு ஆண்டுகள் முடிந்துவிடும். பணி முடியும்போது மொத்தமாகக் கொடுக்கும் சேவா நிதி வரியில்லாமல் கைக்கு வரும். ஆனால் ஓய்வூதியம் இல்லாததால் ஸ்பர்ஷும் அவனுக்கு இல்லை. வேறு வேலையில் சேரும்போது அந்த நிறுவனம் அதே ஆண்டின் முந்தைய சம்பளக் கணக்கைக் கேட்கும். சம்பளச் சீட்டுகள், படிவம் 16 எல்லாவற்றையும் வாசலைத் தாண்டும் முன்பே இறக்கி, சொந்த மின்னஞ்சலுக்கு அனுப்பி வைத்துக்கொள்ளச் சொல்.

26ஏஎஸ்-இல் என்ன தெரிகிறது என்று பார்த்துவிட்டு எழுது.

அன்புடன்,
உன் பழைய நண்பன்