முதல் நாளில் பாடியவர்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

தொலைக்காட்சியின் தொடக்ககாலம் பற்றித் தங்கள் நாளிதழில் வந்த கட்டுரை தொலைக்காட்சி முன்னோடி ஜான் லோகி பேர்டைச் சிறப்பாக நினைவுகூர்ந்தது. ஆனால் 1936 நவம்பர் 2 அன்று, லண்டன் அலெக்சாண்ட்ரா அரண்மனையிலிருந்து பிபிசி தன் முறையான தொலைக்காட்சி ஒளிபரப்பைத் தொடங்கியபோது பாடிய ஆங்கில நடிகை அடீல் டிக்சனைப் பற்றி அதில் ஒரு வரிகூட இல்லாதது எனக்கு வருத்தமளித்தது.

லண்டனின் ஓல்ட் விக் நாடக அரங்கில் நடிகர் ஜான் கீல்குட்டுடன் ஷேக்ஸ்பியரின் ஜூலியட்டாகவும் ஒஃபிலியாவாகவும் நடித்துப் பழகியிருந்த அவருக்கு அப்போது வயது 28. அன்று பயன்பட்ட, பேர்டு உருவாக்கிய ஒளிபரப்பு முறையின் பிரதான கேமராவோ தரையோடு பொருத்தப்பட்டது. அதன் ஃபிலிம் சுழன்று, கீழேயிருந்த ரசாயனத் தொட்டிகளில் கழுவப்பட்டு, ஏறக்குறைய ஒரு நிமிடம் கழித்தே படமாக வெளியேறும். கேமரா நகராது என்பதால், நடிப்பவர்தாம் அதன் பார்வைக்குள் அடங்கி நிற்க வேண்டும். மேடை முழுவதும் உலவிப் பழகியவருக்கு இது எளிதாக இருந்திருக்காது என்றே கருதுகிறேன்.

நேரடி ஒளிபரப்பைப் பதிவுசெய்யும் வசதி அன்று இல்லை. அக்காலத்தில் தனியே எடுக்கப்பட்ட ஆவணப்படம் ஒன்றில் மட்டுமே அவர் அப்பாடலைப் பாடுவதை இன்று காண முடிகிறது. மறு ஆண்டே அவர் நியூயார்க் மேடைக்குச் சென்றார், 1992இல் மறைந்தார். அடுத்த கட்டுரையிலேனும் அவர் பெயரைச் சேர்க்க வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், திருச்சி