சுங்க ஒன்றியம் தானாக ஜெர்மனி ஆகிவிடவில்லை

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஜெர்மனி ஒரே நாடான வரலாறு தமிழில் எழுதப்படும்போதெல்லாம் இரண்டு விளக்கங்களில் ஒன்று வந்துவிடுகிறது. பிரஷ்யாவின் பிரதமர் பிஸ்மார்க் மூன்று போர்களை நடத்தினார், நாடு பிறந்தது என்பது ஒன்று. 1834-இல் ஜெர்மன் அரசுகள் பல தங்களுக்குள் சுங்கத்தை நீக்கி வெளி எல்லையில் பொது வரி வைத்த சுங்க ஒன்றியம் வந்தது, சந்தை ஒன்றானதும் அரசியலும் தானாகவே ஒன்றாயிற்று என்பது மற்றொன்று. போட்டித் தேர்வுக் குறிப்புகளில் 1834-ஐயும், பேரரசு அறிவிக்கப்பட்ட 1871-ஐயும் அடுத்தடுத்து எழுதி அம்புக்குறி போட்டு இணைத்துவிடுகிறார்கள். நடுவில் 37 ஆண்டுகள் இருக்கின்றன. அவற்றைப் படிக்காமல், சந்தை ஒன்றானால் நாடும் ஒன்றாகும் என்ற பாடத்தை ஜெர்மனியிலிருந்து எடுப்பது பெரிய தவறு.

ஒரே ஒரு நிகழ்வு போதும். 1866 ஜூனில், ஜெர்மன் அரசுகளின் தலைமைக்குப் போட்டியிட்ட பிரஷ்யாவுக்கும் ஆஸ்திரியாவுக்கும் போர் மூண்டது. பவேரியா, சாக்சனி, வூர்ட்டெம்பர்க், பாடன், ஹானோவர் ஆகியவை அனைத்தும் சுங்க ஒன்றியத்தில் பிரஷ்யாவின் பங்காளிகள். அத்தனையும் ஆஸ்திரியாவின் பக்கம் நின்று பிரஷ்யாவை எதிர்த்தன. போர் நடந்துகொண்டிருந்தபோதும் சுங்கச் சாவடிகளில் வசூல் நிற்கவில்லை. பொதுக் கணக்கில் சேரும் பணத்தைப் பங்கிட்டுக்கொள்வதிலும் களத்தில் ஒருவரையொருவர் சுட்டுக்கொள்வதிலும் அந்த அரசுகள் எந்த முரண்பாட்டையும் காணவில்லை.

இது ஏன் சாத்தியமாயிற்று என்பதற்கு, ஒன்றியம் எதற்காக உருவானது என்று பார்க்க வேண்டும். 1815-இல் அமைந்த ஜெர்மன் கூட்டமைப்பில் 39 அரசுகள். அவற்றுள் பிரஷ்யா இரண்டு துண்டாகக் கிடந்தது. கிழக்கே பழைய நிலப்பகுதி, மேற்கே வியன்னா மாநாட்டில் கிடைத்த ரைன்லாந்தும் வெஸ்ட்ஃபாலியாவும். நடுவில் ஹானோவரும் ஹெஸ்ஸே-காஸலும். ஒரே அரசின் இரு பகுதிகளுக்கு இடையே சரக்கு போக அடுத்தவன் மண்ணைத் தாண்ட வேண்டும். அதோடு பிரஷ்யாவுக்குள்ளேயே மாகாணத்துக்கு மாகாணம், ஊருக்கு ஊர் வெவ்வேறு வரிப்பட்டியல்கள். 1818 மே 26-இல் வந்த சுங்கச் சட்டம் இவற்றை ஒழித்து எல்லையில் மட்டும் ஒரே வரி வைத்தது. மூலப்பொருள் பெரும்பாலும் வரியின்றி வரும். ஆலைப் பொருள்களுக்குச் சுமார் 10 சதவீதம். காப்பி, சர்க்கரை போன்றவற்றுக்கு அதைவிட அதிகம். வருவாயின் பெரும்பகுதி இந்தக் கடைசி இனத்திலிருந்துதான் வந்தது.

இந்தச் சட்டத்தின் நுட்பம், வரியை விலையில் கணக்கிடாமல் எடையில் கணக்கிட்டதில் இருக்கிறது. சாவடியில் உள்ள சிப்பந்தி துணியின் தரத்தைப் பார்த்து விலை மதிக்க வேண்டாம், வணிகர் காட்டும் பட்டியலையும் நம்ப வேண்டாம். தராசில் வைத்தால் போதும். ஆனால் இதற்கு ஒரு பக்கவிளைவு உண்டு. இங்கிலாந்தின் ஆலைத்துணி ஆண்டுக்கு ஆண்டு மலிவாக, எடைக்கு இத்தனை என்று நின்ற வரி மாறாமல் இருந்தது. ஆகவே எந்தச் சட்டத்திருத்தமும் இல்லாமலேயே மலிவுத் துணிமீதான பாதுகாப்பு கூடிக்கொண்டே போனது. குறைந்த வரி என்று தொடங்கியது முரட்டுத் துணிக்கு நல்ல வேலியாக மாறியது.

பிரஷ்யாவுக்குள் தீவுபோல் சிக்கியிருந்த சிற்றரசுகள் இந்த வேலியில் ஓட்டைகளாக இருந்தன. அன்ஹால்ட்-கோத்தன் இதற்குச் சரியான உதாரணம். எல்பே ஆற்றின் வழியாகச் சரக்கு அந்தச் சிறு கோமகனாட்டுக்கு வந்து இறங்கும். அந்த மக்கள் குடித்துத் தீர்க்கவே முடியாத அளவுக்குக் காப்பி இறங்கும். இரவோடு இரவாக அது பிரஷ்யாவுக்குள் கடத்தப்படும். பிரஷ்யா ஆற்றிலேயே வரி வசூலிக்கத் தொடங்கியது. கோமகன் கூட்டமைப்பு மன்றத்தில் ஆண்டுக்கணக்கில் முறையிட்டார். கடைசியில் 1828-இல் பிரஷ்யாவின் சுங்க முறையில் சேர்ந்தார். தேசிய உணர்ச்சிக்கு இதில் கடுகளவும் இடமில்லை.

பெரிய அரசுகள் வந்ததும் பணத்துக்காகத்தான். நீண்ட எல்லை, சிறிய பரப்பு என்றால் வசூலில் பெரும் பங்கு சாவடிக்கும் காவலுக்குமே போய்விடும். பவேரியாவும் வூர்ட்டெம்பர்க்கும் 1828-இல் தங்களுக்குள் ஒரு ஒன்றியம் அமைத்துப் பார்த்து இதை உணர்ந்தன. அதே ஆண்டில் சாக்சனி, ஹானோவர், ஹெஸ்ஸே-காஸல் முதலியவை பிரஷ்யாவைத் தடுப்பதற்கென்றே ஒரு நடுநாட்டு ஒன்றியம் அமைத்தன. அதை உடைத்தது பெர்லினின் ராஜதந்திரம் மட்டுமன்று. 1830 செப்டம்பரில் ஹெஸ்ஸே-காஸலைச் சேர்ந்த ஹானாவ் நகரில் மக்கள் சுங்க அலுவலகத்தைச் சூறையாடினார்கள். மறு ஆண்டே அந்த அரசு பிரஷ்யாவோடு ஒப்பந்தம் செய்துகொண்டது. பிரஷ்யாவின் இரு துண்டுகளும் சுங்க அளவில் ஒட்டின. 1834 ஜனவரி 1-இல் ஒன்றியம் நடைமுறைக்கு வந்தபோது அதில் 18 அரசுகள், சுமார் 2 கோடியே 30 லட்சம் மக்கள்.

நிகர வருவாய் தலைக்கணக்கில் பங்கிடப்பட்டது. அதற்காகவே மூன்றாண்டுக்கு ஒருமுறை எல்லா அரசுகளிலும் குடிக்கணக்கு எடுத்தார்கள். காப்பியும் சர்க்கரையும் அதிகம் வாங்கிய பிரஷ்யா தொடக்கத்தில் இந்தப் பங்கீட்டில் நட்டம் அடைந்தது. அரசியல் செல்வாக்குக்கான விலை என்று தெரிந்தே கொடுத்தது. நிதியமைச்சர் மோட்ஸ் 1829-இலேயே சுங்க ஒற்றுமை அரசியல் ஒற்றுமையில் முடியும் என்று மன்னருக்கு எழுதியிருந்தார். ஆனால் பணத்தை வாங்கிய மன்னர்களின் கணக்கு வேறு. சட்டமன்றத்திடம் கையேந்தாமல் ஆண்டுதோறும் வந்து சேரும் வருவாய் அது. பிரஷ்யா அனுப்பிய பங்குத்தொகை அந்தச் சிறு சிம்மாசனங்களைத் தாங்கி நிறுத்தியது. சுங்க ஒன்றியத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் அதிகம் மறப்பது இதைத்தான்.

ஒன்றியத்தின் பொதுமாநாட்டில் எந்த முடிவுக்கும் அனைவரின் ஒப்புதலும் வேண்டும். வாக்குரிமை பெற்ற ஒரு சிறிய அரசுகூட ஒரு வரிவிகிதத்தை முடக்கலாம். உள்நாட்டுத் தீர்வைகள் அரசுக்கு அரசு வேறுபட்டதால், பீர், ஒயின் போன்றவை உறுப்பு நாடுகளுக்கு இடையே கடக்கும்போது அந்த வேறுபாட்டை ஈடுசெய்யும் ஈட்டுத் தீர்வை கட்ட வேண்டியிருந்தது. உப்பு அரசுகளின் தனியுரிமையாகவே நீடித்தது. நாணயமும் ஒன்றல்ல: வடக்கே தாலர், தெற்கே குல்டன்.

அரசியல் ஆயுதமாக இருந்தது ஒப்பந்தத்தின் காலக்கெடு. முதலில் எட்டு ஆண்டு, பிறகு பன்னிரண்டு பன்னிரண்டு ஆண்டு. ஒவ்வொரு முறை கெடு முடியும்போதும் பிரஷ்யா நிபந்தனை போட்டது. 1862-இல் பிரான்சுடன் குறைந்த வரி ஒப்பந்தம் செய்துவிட்டு, இதை ஏற்காதவர்களுடன் 1865-க்குப் பின் ஒன்றியம் இல்லை என்றது. உயர்ந்த வரிச்சுவருக்குள் வளர்ந்த ஆஸ்திரியத் தொழில்கள் அந்த விகிதத்தில் நிற்க முடியாது. அதனால் ஒன்றியத்துக்கு வெளியே இருந்த வியன்னா உள்ளே வரும் வழி அடைபட்டது. ஏற்றுமதியை நம்பிய சாக்சனி முதலில் இணங்கியது. பவேரியாவும் வூர்ட்டெம்பர்க்கும் 1864 வரை முரண்டுபிடித்துவிட்டு வேறு வழியின்றி வந்தன.

இந்தக் குறைந்த வரிக் கொள்கையைப் பிரஷ்யாவுக்குள் தாங்கியவர்கள் யார் என்பதில்தான் சமூக வரலாறு இருக்கிறது. எல்பே ஆற்றுக்குக் கிழக்கே பெருநிலம் வைத்திருந்த யுங்கர்கள் டான்சிக் துறைமுகம் வழியாக இங்கிலாந்துக்குத் தானியம் விற்றவர்கள். இறக்குமதி வரி கூடினால் அவர்களுக்கு நட்டம். எனவே மன்னராட்சிக்கு முதுகெலும்பான பழைமைவாத நிலப்பிரபுக்களும் ரைன் கரை வணிகர்களும் வரி விஷயத்தில் ஒரே பக்கம் நின்றார்கள்.

மற்ற எல்லாவற்றிலும் எதிரெதிர்ப் பக்கம். 1848 மே மாதம் பிராங்க்பர்ட்டில் கூடிய தேசிய மன்றம் அரசியலமைப்பை எழுதி, 1849-இல் மணிமுடியைப் பிரஷ்ய மன்னருக்குக் கொடுத்தது. மக்கள் மன்றம் தரும் முடி வேண்டாம் என்று அவர் மறுத்தார். 1860-களில் படைச் செலவு தொடர்பாகத் தாராளவாதிகள் பிரஷ்யச் சட்டமன்றத்தில் வரவுசெலவுத் திட்டத்தை நிறுத்திவைத்தார்கள். 1862 செப்டம்பரில் பதவிக்கு வந்த பிஸ்மார்க் ஒப்புதல் இல்லாமலேயே நான்கு ஆண்டு வரி வசூலித்துச் செலவு செய்தார். 1866 ஜூலை 3-இல் கோனிக்ராட்ஸ் களத்தில் ஆஸ்திரியாமீது வெற்றி. பிரஷ்யப் படை ஐந்து ரயில் தடங்களில் எல்லைக்கு வந்து சேர்ந்தது, ஆஸ்திரியாவுக்கு வியன்னாவிலிருந்து ஒரே ஒரு தடம். இரண்டு மாதம் கழித்து, செப்டம்பர் 3 அன்று, அந்த நான்காண்டு வசூலுக்கும் பின்தேதியிட்டு மன்னிப்பு வழங்கும் மசோதா 230-க்கு 75 என்ற வாக்கில் நிறைவேறியது. 1871-ஐவிட முக்கியமான நாள் அது என்பது என் கருத்து. வரிப்பணத்தின்மீது சட்டமன்றத்துக்கு இருக்க வேண்டிய பிடியை நடுத்தர வர்க்கம் அன்று விட்டுக்கொடுத்தது. பதிலுக்குக் கிடைத்தவையும் மெய்யானவை: 1867-இல் எங்கும் குடியேறும் உரிமை, 1868-இல் மெட்ரிக் அளவைச் சட்டம், 1869-இல் தொழில் சுதந்திரச் சட்டம். எல்லாம், போருக்குப் பின் பிரஷ்யாவின் தலைமையில் அமைந்த வட ஜெர்மன் கூட்டரசுக்குள்.

வெளியே நின்ற பவேரியா, வூர்ட்டெம்பர்க் போன்ற தென் அரசுகளை இழுக்க மறுபடி சுங்கத்தைத்தான் கையில் எடுத்தார்கள். 1867 ஒப்பந்தம் ஒவ்வோர் அரசின் தடை உரிமையையும் நீக்கிப் பெரும்பான்மை முடிவைக் கொண்டுவந்தது. தடை செய்யும் அதிகாரம் பிரஷ்யாவிடம் மட்டும் நின்றது. சுங்க விஷயங்களுக்கென்று, தேர்ந்தெடுக்கப்பட்டவர்களைக் கொண்ட சுங்க நாடாளுமன்றம் ஒன்றும் அமைந்தது. அதற்கான 1868 தேர்தலில் வூர்ட்டெம்பர்க்கின் 17 இடங்களையும் பிரஷ்ய எதிர்ப்பாளர்களே பிடித்தார்கள். 34 ஆண்டுக்காலப் பொதுச் சந்தைக்குப் பிறகு மக்கள் சொன்ன பதில் இது. அவர்களை உள்ளே கொண்டுவர 1870-இல் பிரான்சுடன் போர் வேண்டியிருந்தது.

1871-இல் வெர்சாயில் பேரரசு அறிவிக்கப்பட்ட பிறகும் எல்லாம் ஒன்றாகிவிடவில்லை. பவேரியாவும் வூர்ட்டெம்பர்க்கும் ரயில்வே, அஞ்சல், பீர் வரி ஆகியவற்றைத் தம்மிடமே வைத்துக்கொண்டன. தாலர் ஒன்றுக்கு மூன்று என்ற கணக்கில் மார்க் நாணயம் வந்தது. பேரரசு வங்கி 1876-இல் திறந்தது. அதே பத்தாண்டுகளில் அமெரிக்க, ரஷ்யத் தானியம் வந்து குவியவே, யுங்கர்கள் ஏற்றுமதிக்காரர்கள் என்ற நிலையிலிருந்து இறக்குமதிக்கு அஞ்சுபவர்களாக மாறினார்கள். 1873 பொருளாதார நெருக்கடியில் அடிபட்ட இரும்பு ஆலை அதிபர்களோடு கைகோத்து, 1879-இல் பாதுகாப்பு வரியைக் கொண்டுவந்தார்கள். 100 கிலோ கோதுமைக்கும் ரைதானியத்துக்கும் முதலில் ஒரு மார்க், 1885-இல் மூன்று, 1887-இல் ஐந்து. ரொட்டி வாங்கும் ஆலைத் தொழிலாளி அதைக் கட்டினார்.

அந்தத் தொழிலாளியை நாட்டோடு இணைக்கக் கையாண்ட வழிகள் இரண்டு. 1878 முதல் 1890 வரை சமூக ஜனநாயகவாதிகளுக்கு எதிரான தடைச்சட்டம். நடுவில் 1883-இல் நோய்க் காப்பீடு, 1884-இல் விபத்துக் காப்பீடு, 1889-இல் முதுமை ஓய்வூதியம். நோய்க் காப்பீட்டில் சந்தாவின் மூன்றில் இரு பங்கைத் தொழிலாளியும் ஒரு பங்கை முதலாளியும் கட்ட வேண்டும்; மூன்றாம் நாளிலிருந்து 13 வாரம் வரை பாதிக் கூலி கிடைக்கும். நிர்வாகக் குழுவிலும் இடங்கள் அதே விகிதத்தில். ஆகவே காப்பீட்டு நிதிகளின் அலுவலகங்கள் நாளடைவில் தடைசெய்யப்பட்ட கட்சிக்காரர்களுக்கு வேலையும் நிர்வாகப் பயிற்சியும் தரும் இடங்களாயின. 1878-இல் சுமார் 4 லட்சத்து 37 ஆயிரமாக இருந்த அவர்களின் வாக்கு, 1890-இல் 14 லட்சத்தைத் தாண்டியது.

தேர்வுக்குப் படிப்பவர்களுக்காக நீங்கள் வெளியிடும் பக்கத்தில் இனி ஜெர்மன் ஒருங்கிணைப்பு வரும்போது, 1834-க்கும் 1871-க்கும் நடுவே 1862-இன் பிரெஞ்சு ஒப்பந்தம், 1866 செப்டம்பர் வாக்கெடுப்பு, 1868 சுங்க நாடாளுமன்றத் தேர்தல் ஆகிய மூன்றையும் சேர்த்து அச்சிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
வரலாற்று ஆசிரியர், திருச்சி